பளிக்கறையும் பதுமபீடிகையும்: மணிமேகலையில் ஓர் ஐயம்

உயர்தர வகுப்பிலே மணிமேகலையைப் பாடஞ்சொல்லுங்கால், மலர்வனம் புக்க காதையில் வரும் பளிக்கறை மண்டபத்தை அடைந்ததும் மாணவர் முகத்திலே ஒரு மலர்ச்சி தோன்றும். உள்ளே நிற்பாரின் உருவம் புறத்தே தெரியும். குரலோ வெளியே வாராது. எம்மூர் மாணவர்க்கு இஃது எளிதில் விளங்கும். உட்துறைமுகக் கரையிலே நின்று, நங்கூரமிட்ட கப்பலை நோக்குவார்க்கு மேற்றட்டில் மாந்தர் கையசைப்பது புலனாகும். அவர் பேசும் ஒரு சொல்லும் செவிக்கு எட்டாது. ஆயின், இம்மண்டபத்தை வியப்புச்சுவை பயப்பதொரு கற்பனை என்று கூறி அப்பாற் செல்வதே எம்மனோர் வழக்கமாயிற்று. யானும் பல்லாண்டு அவ்வாறே சொல்லி வந்தேன். அது பிழையென இப்போது கருதுகின்றேன்.

பளிக்கறையினுள்ளே மணியாலாய தாமரைப் பீடிகை ஒன்றுண்டு. அதன்மீது இட்ட அரும்பு மலரும், மலர்ந்த பூ ஆண்டு பல கழியினும் வாடாது, வண்டும் மொய்யாது. இவ்வளவே எனின் வெறும் விந்தையென்று விட்டுவிடலாம். சுதமதி மேலுமொன்று கூறுகின்றாள். ஒரு தெய்வத்தை உள்ளத்தே கொண்டு ஆங்கு மலரிட்டால், அம்மலர் அத்தெய்வத்தின் அடியைச் சென்று சேரும். நினைவின்றி இட்டால் இட்ட இடத்திலேயே கிடக்கும். எண்ணமின்றிச் செய்த வினைக்கும் பயனுண்டு என்பார் நாணவும், எண்ணமில்லாத வினை பயன் தாராது என்பார்க்குச் சான்றாகவும் மயன் இதனை இயற்றினான் என்பது கதை. முன்னவர் சமணர் எனக் கொள்வர். ஆகவே சாத்தனார் படைத்தது அழகுப் பொருளன்று. பளிங்கிலே செதுக்கிய ஒரு வாதம். தருக்க நூலார் ஏட்டில் எழுதுவதை அவர் பூங்காவிலே நிறுவிவிட்டார்.

இனி, அம்மண்டபத்திலே நிகழ்வது யாது? உதயகுமரனுக்கு அஞ்சி மணிமேகலை உள்ளே புகுகின்றாள். அவன் அவளைக் காண்கின்றான், அடைய இயலவில்லை. இழித்துப் பேசிச் செல்கின்றான். அவன் சென்றபின் அவள் தோழியிடம் உரைப்பதுதான் காவியத்தின் மிக நேர்மையான இடங்களுள் ஒன்று: தன்னை இகழ்ந்த அந்தப் புதியவன் பின்னே தன் நெஞ்சம் போயிற்று என்கின்றாள். நினைவின் வன்மையைச் சோதிக்கும் கருவியருகே, துறவு பூணவேண்டியவளின் நினைவு காதலன் வழிச் சென்றுவிட்டது. பளிங்கு அவள் குரலை அடைத்தது, நெஞ்சை அடைக்கவில்லை. இப்பொருத்தம் தற்செயலாய் அமைந்தது என நம்ப எமக்கு மனமில்லை.

மணிப்பல்லவத்துக்கு வருவோம். யாழ்ப்பாணத்து நயினாதீவே அதுவென்பார் பலர். நாகதீபத்திலே மகோதரன், சூளோதரன் என்னும் நாகவரசர் இருவர் மணியாசனம் ஒன்றுக்காகப் பொர, புத்தர் எழுந்தருளிப் பகை தீர்த்தார் என மகாவம்சமும் கூறும். அங்கே அவ்வாசனம் அரசுரிமைப் பொருள். சாத்தனாரோ அதனைப் பிறப்புணர்த்தும் பீடிகையாக்கினார். மும்முழ உயரம், ஆடிபோன்ற வட்டம், நறுமலரன்றிப் பிறிது சொரியாத மரங்கள், சிறகொலி எழுப்பாத பறவைகள் என அவர் தீட்டும் அமைதியிலே எவர்க்கும் உள்ளம் ஒருங்கும்.

ஈண்டுதான் எம் ஐயம் பிறக்கின்றது. உறங்கியவளைத் தெய்வம் எடுத்துவந்து இட்டது. தனிமையிலே அழுது திரிந்தவள் பீடிகையைக் கண்டாள், தன்னை அறியாமலே கைகள் தலைமேற் குவிந்தன, பழம்பிறப்பு விளங்கிற்று. அவள் ஒன்றையும் வேண்டவில்லை, தியானிக்கவுமில்லை. எண்ணமில்லா வினை பயன் தாராது எனப் பூங்காவிலே நிறுவிய புலவர், தீவிலே அறியாது குவித்த கைக்குப் பெரும்பயன் அளிப்பது முரணன்றோ?

முற்பிறப்பில் இலக்குமியாய் இருந்தபோது சாதுசக்கரனுக்கு அமுதளித்தாளாதலின், அன்றைய எண்ணமே இன்று முதிர்ந்தது என விடை கூறலாம். பௌத்த நெறிக்கு அது பொருந்தும். ஆயினும் எமக்கு முழு நிறைவில்லை. அவ்வறியாமையைப் புலவர் மறைக்கவில்லை; தாமே எடுத்தோதுகின்றார். கொள்கை வழுவாத புலவராயின் அதனை விட்டிருப்பார். உயிருள்ள பெண்ணொருத்தியைக் கண்டவர் விடமாட்டார். உ. வே. சாமிநாதையர் 1898-இல் இந்நூலைப் பதிப்பித்த நாள்தொட்டுச் சமயவாதத்தின் பொருட்டே இதனைப் பெரிதும் பயின்றோம். வாதம் இடறும் இடத்தைத்தான் யாம் போதிய அளவு பயிலவில்லை. (பளிங்கு சார்ந்ததன் வண்ணமாதலை உயிருக்கு உவமையாக்கும் சித்தாந்தப் பயிற்சியும் எம்மை வேறுவழி இழுத்திருக்கலாம், அங்கே பளிங்கு உயிர், இங்கே கருவி.)

காவியத்தின் பிற்பகுதியிலே காஞ்சியில் மணிப்பல்லவத்தை ஒத்த பொய்கையும் பொழிலும் அமைய, மணிமேகலை பதுமபீடிகை ஒன்றும் வகுக்கின்றாள். அப்பீடிகை யாருக்கேனும் பிறப்புணர்த்தியதாகப் புலவர் சொல்லவில்லை. அதன்மீது அமுதசுரபியை வைத்து அவள் நிற்க, பதினெட்டு மொழி பேசும் மக்களுள் காணாரும் கேளாரும் கால்முடமானோரும் உண்ண வருகின்றனர்.