வாள் ஒரு கையில், கதை வேறு கையில்

1966-இல் வந்த 'கம் டிரிங்க் வித் மீ' படத்தின் சத்திரக் காட்சியைப் பார்க்கும்போதெல்லாம் என் கண் வாளைத் தேடுவதில்லை. செங் பெய்-பெய் உட்கார்ந்திருக்கும் விதத்தில்தான் நிலைக்கிறது. ஆண் வேடத்தில் வந்து ஒரு மேசையருகே அமர்கிறாள் கதாநாயகி. சுற்றிலும் கொள்ளைக் கூட்டம். ஒருவன் சீண்டுகிறான், இன்னொருவன் கையில் கிடைத்ததை வீசுகிறான். அவள் முகத்தில் சலனமே இல்லை. கை மட்டும் ஒருமுறை எழுந்து அடங்குகிறது. அடி விழுந்ததை எதிராளியின் முகத்தைப் பார்த்துத்தான் நாம் தெரிந்துகொள்கிறோம்.

ஷாங்காயில் பிறந்த செங், பாலே பயின்றவர். தற்காப்புக் கலை கற்றுத் தேர்ந்தவர் அல்லர். இயக்குநர் கிங் ஹூவும் சண்டை அமைத்த ஹான் யிங்-சியேவும் அதை மறைக்க முயலவில்லை. பீக்கிங் இசைநாடகத்தின் தாளத்தில் சண்டையைக் கோத்தார்கள்: நீண்ட அசைவின்மை, ஒரு வெட்டு, மறுபடி அசைவின்மை. நாட்டியக்காரிக்கு நிற்கத் தெரியும். நிற்கத் தெரிந்தவர் அசைந்தால் அது அடியாகவே தெரிகிறது. ஆனால் இதே உத்திதான் அவருடைய பலவீனமும். தாளம் தெரியாத இயக்குநர் கையில், காமிரா எட்ட நின்று நீளமாகப் படமெடுத்தால், வாள் வீச்சு நடன அடவாகிவிடும். ஷா பிரதர்ஸ் நிறுவனம் அடுத்தடுத்து எடுத்த சில வாள் படங்களில் அது பட்டவர்த்தனம்.

இன்னொரு குறை அவருடையதன்று. சத்திரத்தில் அத்தனை பேரை அடக்கியவள் பாதிப் படத்தில் நச்சு ஊசி பட்டுச் சாய்கிறாள். அவளைக் காப்பாற்றும் குடிகாரப் பிச்சைக்காரன் பெரிய வித்தைக்காரன் என்று தெரியவருகிறது. பிறகு அவள் பெண் வீரர்களோடு களமிறங்குவது உண்மைதான். என்றாலும் கடைசிச் சண்டை அவனுக்கும் அவனுடைய பழைய பகைவனுக்கும் நடுவில்தான். அவள் பேரில் தொடங்கிய வழக்கு அவனுடைய சொந்த வழக்காக முடிகிறது.

சாங் செ 1968-இல் எடுத்த 'கோல்டன் ஸ்வாலோ'வில் இது அப்பட்டம். தலைப்பே செங் நடித்த கதாநாயகியின் பெயர்: பொன் தகைவிலான். படமோ ஜிம்மி வாங் யூவின் வெண்ணிற உடைக்கும் அதில் தெறிக்கும் ரத்தத்துக்கும் எழுதிவைத்த சாசனம். அவளை வரவழைக்க அவன் கொன்று குவிக்கிறான். போகிற இடமெல்லாம் அவளுடைய அடையாளத்தையே விட்டுச் செல்கிறான். இரண்டு ஆண்களுக்கு நடுவில் நின்று வருந்துவதுதான் அவள் வேலை. சாங் செயின் ஆண் வீரம் அப்போது வசூலில் கொடிகட்டிப் பறந்தது, அது வேறு.

'தி லேடி ஹெர்மிட்' (1971) கொஞ்சம் ஈடுகட்டியது. வேலைக்காரியாக ஒளிந்து வாழும் வாள் ஆசான் (செங்) ஓர் இளம்பெண்ணுக்கு வித்தை சொல்லித்தருகிறாள். குருவும் பெண், சீடரும் பெண். நல்ல கரு. அதற்குள்ளும் ஒரே ஆணை இருவரும் விரும்பும் விவகாரத்தை நுழைத்தார்கள், பாவம்.

அதனால்தான் ஆங் லீ 2000-இல் 'க்ரவுச்சிங் டைகர், ஹிடன் டிராகன்' படத்தில் செங் பெய்-பெய்யை ஜேட் ஃபாக்ஸ் ஆக்கியது எனக்கு வெறும் மரியாதைத் தேர்வாகத் தெரியவில்லை. இங்கும் அவர் பணிப்பெண்ணாக ஒளிந்திருந்து ஒரு பெண்ணுக்கு வித்தை கற்பிப்பவர், ஆனால் வில்லி. ஜேட் ஃபாக்ஸைப் படுக்கைக்கு அழைத்த குரு, பெண் என்பதால் வித்தையைச் சொல்லித்தர மறுத்தான். அவனைக் கொன்று வித்தைச் சுவடியைத் திருடினாள். திருடிய சுவடியில் படங்கள் புரிந்தன, எழுத்து புரியவில்லை. எழுத்தைப் படிக்கத் தெரிந்த சீடப்பெண் அதைச் சொல்லாமல் மறைத்துக்கொண்டாள். மூத்த நடிகையின் கசந்த முகத்தில் இந்த நியாயம் முழுதாக இருக்கிறது. படம் அதை ஓரிரு வசனத்தில் கடந்துவிட்டு, மூங்கில் காட்டின் உச்சியில் இளையவர்கள் மிதப்பதைக் காட்டப் போய்விடுகிறது.