தித்தா பார்லோவும் பேசும்படத்தின் மொழியும்

மௌனப்படத்திற்குப் பெருந்தடையாக இராத மொழி, பேசும்படத்தில் எல்லையாயிற்று. ஜெர்மானிய நடிகை தித்தா பார்லோவின் திரைவாழ்வு இதனை உணர்த்தும். அவர் நடித்த, உஃபா நிறுவனத்தின் ‘இதயத்தின் இன்னிசை’ (1929) ஜெர்மன், ஆங்கிலம், பிரெஞ்சு, அங்கேரியம் ஆகிய வடிவங்களில் உருவாக்கப்பட்டது. அங்கு மொழி வேறுபாடு நீக்கப்படவேண்டிய இடையூறாகவே கருதப்பட்டது.

ழான் ரெனுவாரின் பிரெஞ்சுப் படமான ‘மாபெரும் மாயை’ (1937) அவ்வேறுபாட்டையே பொருளாக்குகிறது. போரில் கணவனை இழந்த குடியானவப் பெண் எல்சாவாகப் பார்லோ ஜெர்மன் பேசுகிறார். தப்பிவந்த பிரெஞ்சுக் கைதி மரெஷாலுக்கு அம்மொழி தெரியாது. மொழியறிந்த தோழன் ரோசந்தால் உடனிருந்தும், மரெஷால் தானே சில ஜெர்மன் தொடர்களைத் தட்டுத்தடுமாறிக் கற்கிறான். அம்முயற்சியிலேயே அவனது அன்பு வெளிப்படுகிறது. இருவரையும் ஒரே மொழியில் பேசவைக்கும் ஒலிமாற்றம் இப்பொருளை அழித்துவிடும். எனவே, இப்படத்தைப் பெயர்ப்போர் எல்சாவின் ஜெர்மனை அவ்வாறே விடுதல் வேண்டும்.