போக்கிரி என்று பெயரிட்டவர் யார்?

1925-இல் ஜப்பானில் உருவான 'ஒரோச்சி' எனும் பேசாப்படத்தைத் தாம்பரத்தில் என் வாடகை அறையில், மின்சார ரயிலின் இரைச்சலுக்கிடையே, கணினித் திரையில் கண்டேன். இயக்கியவர் புந்தாரோ ஃபுதாகாவா; நாயகன் ட்சுமாசாபுரோ பாண்டோ. தலை கலைந்து, மூச்சிரைக்க, ஒருவன் ஒரு கூட்டத்தையே எதிர்க்கும் இறுதி வாட்போர் புகழ் பெற்றது. அதைக் காணவே அமர்ந்தேன். மனத்தில் நின்றதோ தொடக்கத்தில் வரும் ஒரு விருந்து!

ஹெய்சாபுரோ கீழ்ப்படிச் சாமுராய். கன்ஃபூசிய அறிஞர் ஒருவரின் மாணவன். ஆசானின் பிறந்தநாள் விருந்தில் உயர்பதவியாளரின் மகன் அவனை இழிவு செய்கிறான், கைகலப்பு நேர்கிறது. இழித்தவன் இருக்க, இழிவுற்றவன் தண்டிக்கப்படுகிறான்! பின்னர், ஆசானின் மகளைப் பற்றி அவதூறு பேசியோருடன் மோதியபோதும் அவனே குற்றவாளி. துரத்தப்பட்டு, தலைவனற்ற வாள்வீரனாய் ஊர்தோறும் அலைகிறான். அவனுக்கு முன்பே 'போக்கிரி' எனும் பட்டம் ஊர்போய்ச் சேர்கிறது. ஊரார் போற்றும் பெரிய மனிதனோ, வீட்டுக்குள் பெண்களிடம் வெறியாட்டம் ஆடும் கயவன்.

படத்திற்கு முதலில் இட்ட பெயரே 'போக்கிரி' எனும் பொருளுடையது. தணிக்கையாளர் இசையவில்லை. மனிதரை அப்படி அழைக்கக் கூசாத அதிகாரம், தலைப்பில் அச்சொல்லைக் காணக் கூசியது போலும்.

தோழர்களே, இது அயல்நாட்டுக் கதைதானா? 1911 முதல் சென்னை மாகாணத்தில் நடப்புக்கு வந்த குற்றப்பரம்பரைச் சட்டம், பிறக்குமுன்பே குழந்தைக்குக் குற்றவாளி எனப் பெயர் சூட்டியது. தலையெழுத்தைப் பிரமன் எழுதவில்லை, சர்க்கார் எழுதியது! எதிர்த்தோர்மீது 1920-இல் பெருங்காமநல்லூரில் துப்பாக்கி வெடித்தது. சென்னை மாகாணத்தில் 1947-இல்தான் அச்சட்டம் ஒழிந்தது.

ஆயினும் படத்தின்மீது எனக்கொரு வழக்குண்டு. ஹெய்சாபுரோவின் துயரத்திற்குப் பிறர் அவனைத் தவறாகப் புரிந்துகொண்டதே காரணம் என்று காட்டிக் கண்ணீர் கேட்கிறது படம். தவறாகவா புரிந்துகொண்டார் அந்த ஆசான்? மேல் எது, கீழ் எது என்பதை நன்கு புரிந்துகொண்டல்லவா தீர்ப்பளித்தார்! அவரிடம் ஒரு கேள்வியும் கேளாமல் கதை நகர்ந்துவிடுகிறது. நானும் ஆசிரியன்தான். கடைசிப் பலகையில் அமரும் ஒருவனைப் 'போக்கிரி' என்று இவ்வாண்டு எத்தனை முறை அழைத்தேன் என்று எண்ணிப் பார்த்தேன். எண்ணிக்கை நினைவில் இல்லை. அவன் ஒருமுறைகூட மறுத்துப் பேசியதில்லை.

முடிவில், கயவனைக் கொன்று ஆசானின் மகளைக் காத்த ஹெய்சாபுரோ கட்டுண்டு செல்கிறான். கூட்டம் ஏசுகிறது. அவளும் கணவனும் மட்டும் கண்ணீரோடு வணங்குகின்றனர். கூட்டத்தை நோக்கி அவர்கள் ஒரு சொல் சொன்னால் ஆகாதா? பேசாப்படம் என்று சாக்குச் சொல்ல முடியாது. ஜப்பானியக் கொட்டகைகளில் திரையருகே பென்ஷி எனும் உரையாளர் நின்று, எல்லாப் பாத்திரங்களுக்காகவும் பேசினார்.