மேஜர், கேப்டன், மற்றவர்கள்

‘அமரன்’ (2024) வந்த நாளிலிருந்து ஒரு பேச்சு ஓடிக்கொண்டிருக்கிறது: படைவீரனுக்குச் செய்ய வேண்டிய மரியாதையைத் தமிழ் சினிமா ஒருவழியாகச் செய்துவிட்டதாம். படம் சொல்லும் மேஜர் முகுந்த் வரதராஜனின் வீரத்தில் யாருக்கும் சந்தேகமில்லை. அசோகச் சக்கரம் சும்மா கிடைப்பதில்லை. ஆனால் செத்த வீரனைக் கும்பிட நம் படங்கள் என்றைக்குமே தயங்கியதில்லை. உயிரோடு ஊர் திரும்பியவனை என்ன செய்வது என்றுதான் அவற்றுக்குப் புரிவதில்லை.

பழைய கதையை ஓட்டமாகச் சொல்லிவிடலாம். 1945இல் ‘பர்மா ராணி’ வெள்ளைக்காரன் யுத்தத்துக்குப் பிரச்சாரம் செய்தது. 1963இல் ‘இரத்தத் திலகம்’ சீனப் போரில் சிவாஜியைச் சாகடித்துக் கண்ணீர் வாங்கியது. 1966இல் ‘மேஜர் சந்திரகாந்த்’. பார்வை இழந்த ஓய்வுபெற்ற அதிகாரி. பாலசந்தர் நாடகத்தில் பிறந்த அருமையான பாத்திரம். நடித்த சுந்தரராஜனுக்கு ‘மேஜர்’ ஆயுள் பட்டமாயிற்று. 1991இல் ‘கேப்டன் பிரபாகரன்’; நம் மதுரைக்காரர் விஜயகாந்த் அன்றிலிருந்து கேப்டன். இருவரும் நல்ல நடிகர்கள். இருவரும் பட்டாளத்துக்குப் போனவர்கள் அல்ல.

நிஜமாகவே பட்டாளத்தில் இருந்தவர் பெருநாழி வேல ராமமூர்த்தி. ‘குற்றப் பரம்பரை’ எழுதிய கை. ‘மதயானைக் கூட்டம்’, ‘கிடாரி’ என்று வரிசையாகக் கூப்பிட்ட இயக்குநர்கள் அவரிடம் வாங்கிக்கொண்டது மீசையையும் குரலையும்தான்.

நிஜப் படைவீரனை நடிக்க வைப்பதை அமெரிக்காவில் வேறு மாதிரி செய்து காட்டினார்கள். நார்மண்டியில் படைகள் இறங்கிய அதே 1944 ஜூன் 6 அன்று, போர்முனையில் அல்ல, வட கரோலினாப் பயிற்சி முகாமில் வெடிமருந்து வெடித்து இரு கைகளையும் இழந்தவர் ஹரால்ட் ரஸ்ஸல். வில்லியம் வைலர் அவரை ‘தி பெஸ்ட் இயர்ஸ் ஆஃப் அவர் லைவ்ஸ்’ (1946) படத்தில் நடிக்க வைத்தார். ஒரு காட்சி போதும். கட்டிக்கொள்ளப் போகிறவளை அறைக்கு அழைத்துப்போய், தோள்பட்டை வாரோடு கொக்கிக் கைகளைக் கழற்றிப் போடுகிறான். இனி சட்டைப் பொத்தான்கூடப் போட முடியாது, கதவு சாத்திக்கொண்டால் திறக்க முடியாது என்று சாதாரணமாகச் சொல்கிறான். பின்னணியில் அழுது வடியும் வயலின் இருந்தால் கெட்டிருக்கும். ஒரே வேடத்துக்கு இரண்டு ஆஸ்கார் வாங்கிய அந்த மனிதர் நட்சத்திரமாகிவிடவில்லை; கல்லூரிக்குத் திரும்பினார். முன்னாள் படைவீரர் சங்கமான அம்வெட்ஸுக்கு மூன்று முறை தலைமையேற்று, ஊனமுற்றோரின் வேலைவாய்ப்புக்காக ஆண்டுக்கணக்கில் வாதாடினார். 1992இல் மனைவியின் வைத்தியச் செலவுக்கென்று ஒரு ஆஸ்காரை விற்கவும் செய்தார்.

தமிழில் அவருக்குக் கிட்டத்தில் வருகிறவர் ஷோபாசக்தி. பதின்ம வயதில் புலிகள் இயக்கத்தில் சேர்ந்து, பிறகு விலகி, 1993இல் பிரான்சுக்குப் போய்ச் சேர்ந்தவர். ரஸ்ஸலைப் போலச் சங்கம் நடத்தவில்லை. இயக்கத்துக்கும் அரசுக்கும் வக்காலத்து வாங்காமல், ‘கொரில்லா’ தொடங்கி எழுத்திலேயே போராளியின் வழக்கை நடத்துகிறார். கான் விழாவில் தங்கப் பனை வென்ற ‘தீபன்’ (2015) ஜாக் ஒதியாரின் படம் என்பார்கள்; அதைத் தாங்குவது இவர் உடம்பு. தொடக்கத்தில் இவர் நடிக்கும் போராளி, தோழர்களின் சிதையில் சீருடையைப் போட்டு எரிக்கிறான். அடுத்து பாரிஸ் தெருவில், மினுக்கும் விளக்குப் பொம்மைகளைத் தலையில் மாட்டிக்கொண்டு விற்கிறான். பழைய தளபதி மறுபடி பணம் திரட்டச் சொல்லும்போது, யுத்தம் எனக்கு முடிந்துவிட்டது என்கிறான், அடிதான் கிடைக்கிறது. கடைசியில் ஒதியார் அவன் கையில் கத்தியைக் கொடுத்து ஆக்‌ஷன் நாயகனாக்கியது மட்டமான சமரசம். அந்த இடத்தில் கோடம்பாக்கமே தேவலை.

யுத்தம் முடிந்தபின் இலங்கையில் சுமார் 12,000 முன்னாள் போராளிகள் ‘புனர்வாழ்வு’ முகாம்கள் வழியே வெளியே வந்தார்கள். இங்கே மதுரையில் விளாங்குடிப் பக்கம் ‘மிலிட்டரிக்காரர் வீடு’ என்று அடையாளம் சொன்னால் ஆட்டோக்காரருக்குப் புரியும். அந்த வீட்டு மனிதர் ஏடிஎம் வாசலில் ராத்திரி டூட்டி பார்ப்பார். நவம்பர் வந்தால் தாம் உயிரோடிருப்பதை நிரூபிக்க ஆயுள் சான்றுக்குக் கைரேகை வைப்பார். தேய்ந்துபோன பெருவிரலை இயந்திரம் ஏற்காது, துடைத்துத் துடைத்து வைக்கச் சொல்வார்கள். ‘அமரன்’ தியேட்டர்களில் நிறைந்து ஓடியதும் ஒரு நவம்பரில்தான்.

இந்த மனிதர்களை இவர்களே நடிக்க வேண்டும். குறைந்தபட்சம், இவர்கள் கதையை எழுதும் மேசையில் இவர்களுக்கு ஒரு நாற்காலி வேண்டும். நடக்காத காரியமில்லை. வேல ராமமூர்த்தியைக் கிராமத்துப் பெரிய மனிதர் வேடத்திலிருந்து வெளியே இழுத்து, ஈழப் போருக்குப் பணம் திரட்டும் பாரிஸ் கும்பலின் தலைவராக்கியவர் லாரன்ஸ் வலின். படம் ‘லிட்டில் ஜாஃப்னா’ (2024). அதுவும் பிரெஞ்சுப் படம்தான்.