மூலமும் உரையும்: இயங்குதளக் கல்வி நூல்கள் – ஒரு திறனாய்வு

முன்னுரை

‘மூலமும் உரையும்’ என்னும் தொடர் தமிழ்ப் பதிப்புலகில் நெடுநாள் வழக்குடையது. ஒரு நூலின் பாடத்தை முழுமையாகத் தந்து, அதனுடன் அதனை விளக்கும் உரையையும் சேர்த்து வெளியிடும் முறையை இத்தொடர் குறிக்கின்றது. கணினியியலில் நிரலாளர் எழுதிய வடிவத்தை ‘மூலநிரல்’ என வழங்குகின்றோம். இவ்விரு வழக்குகளிலும் ‘மூலம்’ என்ற சொல் அமைந்திருப்பது தற்செயலானதாக இருக்கலாம். ஆயினும், இயங்குதளங்களையும் அவற்றின் நிர்வாகத்தையும் கற்பிக்க எழுந்த நூல்களை மதிப்பிடுவதற்கு இஃது ஏற்றதோர் அளவுகோலைத் தருகின்றது. மூலத்தைக் காட்டி உரை கூறும் நூல்கள் ஒரு வகையின. மூலத்தை மறைத்துப் பயன்பாட்டை மட்டும் கூறும் நூல்கள் மற்றொரு வகையின. இவ்விரு வகை நூல்களின் இயல்பையும் பயனையும் ஆராய்ந்து, தமிழில் இத்துறை நூலாக்கம் எத்திசையில் செல்லவேண்டும் என்பதைச் சுட்டுவதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

லயன்ஸ் உரை

வன்பொருளுக்கும் பயனர் நிரல்களுக்கும் இடையே நின்று, நினைவகத்தையும் செயலியின் நேரத்தையும் கோப்புகளையும் பங்கிட்டு வழங்குவது இயங்குதளம். இதனைக் கற்பித்த நூல்களுள் தனியிடம் பெற்றது ஜான் லயன்ஸ் எழுதிய உரைநூல். ஆஸ்திரேலியாவின் நியூ சவுத் வேல்ஸ் பல்கலைக்கழகத்தில் பணியாற்றிய லயன்ஸ், பெல் ஆய்வகத்தில் கென் தாம்சனும் டெனிஸ் ரிச்சியும் உருவாக்கிய யுனிக்ஸின் ஆறாம் பதிப்பைத் தம் மாணவர்களுக்குப் பாடமாக்கினார். 1976இல் அவர் ஆயத்தம் செய்தவை இரண்டு தொகுதிகள். ஒன்று, வரி எண்ணிட்டு ஒழுங்குபடுத்திய மூலநிரல். மற்றொன்று, அதற்கு அவர் வகுத்த உரை. மூலம் ஏறத்தாழ 9,000 வரிகளைக் கொண்டது. ஒரு மாணவர் ஒரு கல்விப் பருவத்திற்குள் படித்து முடிக்கத்தக்க அளவு அது.

நன்னூலார் உரையின் இலக்கணம் கூறுமிடத்து, கருத்து, சொற்பொருள், எடுத்துக்காட்டு, வினா, விடை முதலியவற்றை உரையின் உறுப்புகளாக எண்ணுகின்றார். சுருங்க உரைப்பதைக் காண்டிகை எனவும், சூத்திரத்தில் இல்லாத இன்றியமையாப் பொருளையும் சேர்த்து விரித்துரைப்பதை விருத்தி எனவும் வகுக்கின்றார். லயன்ஸ் இம்மரபை அறிந்தவர் அல்லர். எனினும் அவரது உரை காண்டிகையின் இயல்பிற்கு மிக அணுக்கமானது. ஒரு செயற்கூறின் கருத்தை முதலில் கூறி, பின்னர் வரி எண்ணைச் சுட்டி ஒவ்வொரு கூற்றையும் விளக்கி, இடையிடையே மாணவர் எழுப்பக்கூடிய ஐயத்தை அவரே எழுப்பி விடை தருகின்றார்.

மூலத்தின் ஓரிடத்தில் நிரலாசிரியர்களே, வாசிப்பவர் இதனைப் புரிந்துகொள்வார் என்று எதிர்பார்க்கவில்லை என்னும் பொருள்படக் குறிப்பு எழுதியுள்ளனர். ஒரு செயலிலிருந்து மற்றொரு செயலுக்குச் செயலியின் கட்டுப்பாடு மாறும் இடம் அது. லயன்ஸ் அவ்விடத்தைக் கடந்து செல்லாமல் நின்று விளக்க முற்பட்டார். அங்கு நிகழ்வது என்னவென்பதைத் தாங்களே சரியாக உணர்ந்திருக்கவில்லை என ரிச்சி பிற்காலத்தில் ஒப்புக்கொண்டார். மூலத்தின் பெருமைக்கு அஞ்சி உரையாசிரியர் வாய்மூடிச் செல்லலாகாது என்பதற்கு இதனினும் சிறந்த சான்று தேடவேண்டியதில்லை. இளம்பூரணரைச் சேனாவரையர் மறுத்த மரபில் வந்த தமிழ் வாசகர்க்கு இது புதிதன்று.

இந்நூலின் குறைகளும் கூறத்தக்கன. பிடிபி-11 கணினியின் அமைப்பையும் சி மொழியையும் வாசகர் முன்னரே அறிந்திருப்பார் என உரை கொள்கின்றது. சில இடங்களில் உரையின் சுருக்கம் மூலத்தின் சுருக்கத்தோடு போட்டியிடுகின்றது. ஆயினும் இக்குறைகள் நூலின் பயனைத் தடுக்கவில்லை. அதனைத் தடுத்தது உரிம விதி. 1979இல் வெளிவந்த ஏழாம் பதிப்பின் உரிமத்தில், மூலநிரலை வகுப்பறையில் பாடமாக்குவதை ஏடி அண்டு டி நிறுவனம் விலக்கியது. அதன்பின் லயன்ஸ் உரை ஒளிநகலாகவே கைமாறிப் பரவியது. 1996இல்தான் அஃது உரிய இசைவுடன் அச்சேறியது. லயன்ஸ் 1998இல் மறைந்தார்.

மினிக்ஸும் எக்ஸ்வி6உம்

மேற்கூறிய தடையே அடுத்த நூலுக்குக் காரணமாயிற்று. ஆம்ஸ்டர்டாமில் பேராசிரியராக இருந்த ஆன்ட்ரூ தனென்பாம், பாடம் சொல்லத்தக்க மூலம் இல்லாத நிலையில் தாமே ஒரு மூலத்தை எழுதினார். அதுவே மினிக்ஸ். 1987இல் வெளிவந்த அவரது நூல், இயங்குதளக் கோட்பாடுகளை விளக்கியதோடு ஏறத்தாழ 12,000 வரிகள் கொண்ட மூலநிரலைப் பின்னிணைப்பாகவும் தந்தது. கோட்பாட்டு விளக்கத்தில் இந்நூல் லயன்ஸ் உரையினும் விரிவானது, விருத்தி எனத்தகும். ஆயினும் விளக்கம் முன்னும் மூலம் பின்னுமாகப் பிரிந்து நிற்பதால், வரியோடு வரியாக உடன்செல்லும் அணுக்கம் இதில் குறைவு. இந்நூலைப் படித்தவர்களுள் ஹெல்சிங்கிப் பல்கலைக்கழக மாணவர் லினஸ் தோர்வால்ட்ஸ் ஒருவர். 1991இல் அவர் வெளியிட்ட லினக்ஸ், மினிக்ஸ் நிறுவிய கணினி ஒன்றில் தொடங்கப்பட்டதாகும். நல்லதோர் உரைநூல் வாசகரை ஆசிரியராக்கும் என்பதற்கு இது வரலாற்றுச் சான்று.

இன்றைய லினக்ஸ் கருனியின் மூலம் இரண்டு கோடி வரிகளுக்கும் மேற்பட்டது. இதற்கு வரிதோறும் உரை காண்பது எவர்க்கும் இயலாது. இவ்விடர்ப்பாட்டிற்கு மாசாசூசெட்ஸ் தொழில்நுட்பக் கழகத்தார் கண்ட தீர்வு கருதத்தக்கது. முதலில் லயன்ஸ் உரையையே பாடமாக்கிய அவர்கள், பிடிபி-11 வழக்கொழிந்த நிலையில், 2006இல் ஆறாம் பதிப்பின் அமைப்பைத் தழுவி எக்ஸ்வி6 என்னும் சிறிய இயங்குதளத்தைப் புதிதாக எழுதினர். ரஸ் காக்ஸ், ஃபிரான்ஸ் காஷூக், ராபர்ட் மோரிஸ் ஆகியோர் அதற்கு உரைநூலும் செய்தனர். 10,000 வரிகளுக்கு உட்பட்ட இம்மூலம் கட்டற்ற உரிமத்தில் கிடைக்கின்றது. உரை நிலைபெற மூலம் சிறியதாகவும் நிலையானதாகவும் இருத்தல் வேண்டும் என்னும் உண்மையை இம்முயற்சி உறுதிப்படுத்துகின்றது.

நிர்வாக நூல்களின் இயல்பு

இயங்குதளத்தை ஆக்குவோர் சிலரே. அதனைப் பேணுவோர் பலர். பயனர் கணக்குகள், காப்புப்படிகள், வலையமைப்பு, பாதுகாப்பு ஆகியவற்றைக் கவனிக்கும் நிர்வாகிக்கு உரிய நூல்களுள் முதன்மையானது ஈவி நெமெத் தம் கூட்டாசிரியர்களுடன் 1989இல் வெளியிட்ட யுனிக்ஸ் நிர்வாகக் கையேடு. கொலராடோப் பல்கலைக்கழகத்தில் கணினிகளைப் பேணிய பட்டறிவிலிருந்து எழுந்த நூல் இது. நெமெத் 2013இல் கடற்பயணத்தில் காணாமற்போன பின்னரும் நூல் தொடர்ந்து, 2017இல் ஐந்தாம் பதிப்பு வெளிவந்தது. மூலநிரலை இந்நூல் வரிதோறும் காட்டுவதில்லை. எனினும் ஒவ்வொரு பணியிலும் ‘எவ்வாறு’ என்பதோடு ‘ஏன்’ என்பதையும் சேர்த்துரைப்பதால், இதனை உரைமரபின் உறவினதாகவே கொள்ளவேண்டும்.

‘ஏன்’ என்னும் வினா விடுபட்டால் நேரும் இழப்பை ஓர் எடுத்துக்காட்டால் விளக்கலாம். கோப்பு அனுமதிகளைக் கற்பிக்கும் நூல்கள் யாவும், படிக்க 4, எழுத 2, இயக்க 1 என எண்களைக் கூட்டும் முறையைக் கூறும். அதனை மனனம் செய்த நிர்வாகி ஒருவர் முதன்மையான கோப்பொன்றை எவரும் எழுதவியலாதவாறு பூட்டிவிட்டு அமைதி கொள்வார். மறுநாள் அக்கோப்பை வேறொருவர் அழித்திருப்பார். அழிக்கும் உரிமை கோப்பில் இல்லை. கோப்பின் பெயரைப் பதிந்துள்ள அடைவில் உள்ளது. பொது அடைவுகளுக்குரிய விதிவிலக்கு நீங்கலாக, அடைவில் எழுத இயன்றவர் அப்பெயரை நீக்கவும் இயன்றவரே. அடைவு என்பது பெயர்களையும் அவற்றிற்குரிய உள்ளெண்களையும் கொண்ட ஒரு பட்டியல் என்பதை மூலத்தின் வழி உணர்ந்தவர்க்கு இவ்விதி தானே விளங்கும். கட்டளைகளை மட்டும் பயின்றவர் அதனை இழப்பின் வழியாகவே அறிவார்.

தமிழில் உள்ள நிலை

தமிழில் இத்துறை நூல்கள் சிலவே. அவற்றுள் து. நித்யாவின் ‘எளிய தமிழில்’ வரிசையில் குனு/லினக்ஸ் பற்றி வந்த நூல்கள் குறிப்பிடத்தக்கன. கணியம் வழியாக இவை எவரும் பகிரத்தக்க உரிமத்தில் விலையின்றி வழங்கப்படுவது பெரும்பணி. கட்டளைகளைத் தமிழ் வாக்கியங்களில் அச்சமின்றி அறிமுகப்படுத்தும் இவை, தொடக்க நிலை வாசகரை நோக்கியன. தாம் மேற்கொண்டதை இவை செய்துள்ளன. இவற்றின்மேல் எழவேண்டிய அடுத்த தளம் எழாமையே குறை. அக்குறை இந்நூல்களுடையதன்று, துறையினுடையது.

அடுத்த தளம் எழாமைக்குக் கலைச்சொல் இன்மையைக் காரணமாகக் கூறுவது வழக்கம். ஒரே பொருளை ‘இயங்குதளம்’, ‘இயக்க அமைப்பு’, ‘பணிசெயல் முறைமை’ எனத் தமிழகத்தாரும் இலங்கையரும் பலவாறு வழங்குவது உண்மையே. எனினும் இக்காரணம் ஏற்கத்தக்கதன்று. கலைச்சொற் பட்டியல்கள் நம்மிடம் பல உள்ளன. அச்சொற்களை வாழவைக்கும் தொடர் உரைநடையே இல்லை. இலக்கணக் கலைச்சொற்கள் நமக்கு நிலைத்தது பட்டியல்களால் அன்று. உரையாசிரியர்கள் அவற்றை ஆயிரமாயிரம் இடங்களில் ஆண்டு, வேறுபடுத்தி, வாதிட்டு நிலைநிறுத்தினர்.

தமிழ் உரைநடை இப்பொருளைத் தாங்குமா என்னும் ஐயத்திற்கு, யுனிக்ஸின் ‘ஃபோர்க்’ என்னும் அழைப்பைக் கொண்டு விடை காணலாம். ஒரு செயல் தன்னைப் போன்ற மற்றொன்றைப் பிறப்பிக்க இவ்வழைப்பைப் பயன்படுத்துகின்றது. ஒருமுறை அழைத்த கூறு இருமுறை மீள்வது எங்ஙனம் எனின், அழைப்பின்போது செயல் ஒன்று. மீளும்போது செயல் இரண்டு. தாய்ச் செயலுக்குச் சேயின் எண் விடையாகக் கிடைக்கும்; சேய்ச் செயலுக்குச் சுழியம் கிடைக்கும். தாய் சேயின் எண்ணை அறிய வேண்டுவது ஏன் எனின், ஒரு தாய்க்குச் சேய் பலவாகலாம் ஆதலின். சேய்க்குத் தாயின் எண்ணை விடையாகத் தராமை ஏன் எனின், தாய் ஒன்றே ஆதலின், வேண்டும்போது கேட்டறியலாம் ஆதலின். வினாவும் விடையுமாக அமைந்த பழைய உரைநடை, புதிய பொருளை இடர்ப்பாடின்றி ஏற்பதை இங்குக் காணலாம்.

இவ்வொப்புமைக்கு எல்லையும் உண்டு. தொல்காப்பியத்தின் பாடத்தை மாற்றி எழுதி உரையின் சரிபிழையைச் சோதிக்க இயலாது. மூலநிரலிலோ ஒரு வரியை மாற்றி இயக்கினால் உரையாசிரியரின் கூற்று மெய்யோ பொய்யோ என்பது வெளிப்படும். ஆதலின் இத்துறை உரையாசிரியர் புலமையால் மட்டும் தப்ப இயலாது. வாசகரின் கணினி அவரைச் சோதிக்கும். இது தமிழ் உரைமரபுக்கு வாய்க்கும் புதிய கட்டுப்பாடு. அது வரவேற்கத்தக்கதும் ஆகும்.

முடிவுரை

மேற்கண்ட ஆய்வால் மூன்று செய்திகள் பெறப்படுகின்றன. முதலாவது, இயங்குதளக் கல்வியில் நிலைத்த பயன் விளைத்த நூல்கள் மூலத்தை வாசகர் கையில் தந்தவையே. இரண்டாவது, நிர்வாக நூல்கள் மூலத்தைக் காட்டாவிடினும், காரணம் கூறும் அளவிற்கே சிறப்படைகின்றன. மூன்றாவது, தமிழில் பயன்பாட்டு நூல்கள் தோன்றிவிட்டமையின், அவற்றை அடுத்து மூலமும் உரையுமாக அமைந்த நூலொன்று தேவைப்படுகின்றது. எக்ஸ்வி6 போன்ற சிறிய, கட்டற்ற மூலம் இதற்கு ஏற்றது. அதனைத் தமிழில் உரைப்பதற்கு நிரலாளரும் தமிழறிஞரும் ஒருங்கிருந்து பணியாற்ற வேண்டும். புலம்பெயர் நாடுகளின் பல்கலைக்கழகங்களில் இவ்விரு திறத்தாரும் ஒரே வளாகத்தில் உள்ளனர். ஒரே மேசையில் அமர்ந்ததில்லை. அவ்வாறு அமரும்வரை, தமிழ்வழிக் கற்கும் மாணவர் பிறர் ஆக்கிய கணினிக்குக் கட்டளை இடுபவராகவே இருப்பர். அக்கட்டளை எவ்வாறு நிறைவேறுகின்றது என்பதைத் தம் மொழியில் வினவும் நிலை அவர்க்கு வாய்க்காது.