வரிசைமுறைக் காலக்கணிப்பு: ஒரு திறனாய்வு

தொல்லியலில் எண்ணியல் முறைகளைக் கையாண்ட தொடக்க முயற்சிகளுள் ஒன்று, பிளிண்டர்ஸ் பீட்ரி 1899 இல் வெளியிட்ட வரிசைமுறைக் காலக்கணிப்பு ஆகும். மேல் எகிப்தின் நக்காடா முதலிய இடுகாடுகளில் காலத்தைக் காட்டும் எழுத்துச் சான்றுகளோ மண்ணடுக்குகளோ இல்லை. எனவே பீட்ரி ஏறத்தாழ 900 கல்லறைகளுக்குத் தனித்தனிச் சீட்டுகள் எழுதி, ஒத்த மட்கலங்கள் கொண்டவை அருகருகே வருமாறு அடுக்கினார். அவ்வரிசையைச் சம அளவான பிரிவுகளாக்கி, 30 முதல் 80 வரை எண்ணிட்டார். பழைய சான்றுகள் கிடைக்கக்கூடும் என்று 30க்கு முந்தைய எண்களை ஒதுக்கிவைத்தார். 1920களில் அறியப்பட்ட பதாரிப் பண்பாடு அவ்விடத்தில் பொருந்தியது இம்முறையின் வலிமைக்குச் சான்று.

எனினும் இவ்வெண்கள் ஆண்டுகள் அல்ல. 40க்கும் 45க்கும் இடைப்பட்ட காலமும் 60க்கும் 65க்கும் இடைப்பட்ட காலமும் சமம் என்று கொள்ள இயலாது. கல்லறைகளின் எண்ணிக்கை சமமாக இருப்பதால் காலம் சமமாகிவிடாது.

வரிசையின் எந்த முனை பழையது என்பதையும் ஒப்புமை மட்டும் காட்டாது. மட்கலங்களின் அலைவடிவக் கைப்பிடி நாளடைவில் தேய்ந்து வெறும் கோடாயிற்று என்ற கருத்தைப் பீட்ரி இதற்குத் துணையாகக் கொண்டார். மேலும், மட்கலங்களின் வேறுபாடு காலத்தால் மட்டுமன்றி ஊராலும் செல்வநிலையாலும் ஏற்படலாம். 1957 இல் வெர்னர் கைசர், அர்மந்த் இடுகாட்டில் கல்லறைகள் அமைந்த இடங்களையும் கருத்திற்கொண்டு இவ்வரிசையைத் திருத்தினார்.

இன்று இவ்வரிசைப்படுத்தலைக் கணினி நொடிகளில் செய்துவிடும். ஆனால் வரிசையைக் காலமாக மாற்ற மண்ணடுக்கு, கதிரியக்கக் கரிமம் போன்ற புறச்சான்றுகள் இன்றும் தேவை.