பின்பாட்டு

திண்டிவனத்தைச் சுற்றியுள்ள கிராமங்களில் திரௌபதியம்மன் திருவிழாவுக்கு விடிய விடியக் கூத்துப் பார்த்தவர்களிடம் ஒரு குணம் உண்டு. கண் வேஷக்காரரிடம் இருக்கும். காது பின்பாட்டுக்காரரிடம் இருக்கும். துரியோதனன் ஓரடி பாடிவிட்டுக் கிறுகிறுவெனச் சுழலும்போது, அந்த அடியை வாங்கித் திருப்பிப் பாடி அவருக்கு மூச்சுவிட இடம் கொடுப்பது பின்பாட்டு. அது தொய்ந்தால், தலையில் இருக்கும் கிரீடம் வெறும் கட்டைச் சுமை.

நடிகை எஸ்.என்.லட்சுமியை இந்தக் காதோடுதான் நான் கேட்டேன். கேட்டேன் என்பதை யோசித்தே சொல்கிறேன்.

விழுப்புரத்தில் 1928இல் பிறந்த சிவாஜி கணேசன், சிறுவனாக வீட்டைவிட்டு நாடகக் கம்பெனிக்குப் போன கதை எங்கள் ஊர்ப் பக்கத்தில் எல்லோருக்கும் தெரியும். ஏறக்குறைய அதே வயதுக்காரரான லட்சுமி விருதுநகர்ப் பக்கம். அவரும் சின்ன வயதில் வீட்டைவிட்டு வந்தவர்தான், என்.எஸ்.கிருஷ்ணனின் நாடகக் குழுவில் வளர்ந்தவர். கணேசனுக்கு ராஜபார்ட் கிடைத்தது. லட்சுமிக்கு அம்மா, மாமியார், பாட்டி. ‘சர்வர் சுந்தரம்’ 1964இல் வந்தபோது அவருக்கு நாற்பதுகூட ஆகவில்லை. தன்னைவிடச் சில வயதே சிறியவரான நாகேஷுக்கு அம்மா! நாகேஷின் உடம்பு ஒரு நொடி ஓரிடத்தில் நிற்காது. அந்தத் துள்ளலுக்கு எதிரே இவர் துள்ளவில்லை, அழுத்தமாக உட்கார்ந்துகொண்டார். பின்பாட்டின் முதல் பாடம் அது.

எனக்குப் பிடித்தது ‘மைக்கேல் மதன காமராஜன்’ பாட்டி. 1990. கண்ணில் பட்டதையெல்லாம் நைசாக எடுத்து மறைத்துக்கொள்ளும் பாலக்காட்டுக் கிழவி. வசனம் கிரேசி மோகன். கமல் நான்கு வேடத்தில் நிற்கிறார். அதற்கு நடுவே ஒரு கிழவி தன் பங்கைச் சிந்தாமல் வாங்கிக்கொள்ள வேண்டும். சிரிப்பு மூட்டுகிறோம் என்ற நினைப்பே அந்த முகத்தில் இல்லை. திருடுவதை ஒரு வீட்டுவேலைபோலச் செய்கிறார், அரிசியில் கல் பொறுக்குகிற சிரத்தையோடு. விருதுநகர் நாக்கில் அந்த அக்கிரகாரத் தமிழ் எப்படி உட்கார்ந்தது என்பது எனக்கு இன்றுவரை ஆச்சரியம். ‘விருமாண்டி’யில் அதே நாக்கு தெற்கத்திச் சீமைக்குத் திரும்பிவிடும்.

பிறகு சீரியல். அங்கேதான் பலரும் கெட்டுப்போகிறார்கள். ஒருவர் ஒரு வார்த்தை சொன்னால் போதும், கேமரா கூடத்தில் நிற்கிற அத்தனை முகத்துக்கும் ஒரு சுற்றுப் போய்வரும். முகத்துக்கு ஓர் இடிச்சத்தம். வசனத்தை உதவி இயக்குநர் ஓரமாக நின்று எடுத்துக் கொடுப்பார், நடிகர் அதை வாங்கிச் சொல்வார். காதில் விழும்வரை முகம் காத்திருக்கும். அந்தக் காத்திருப்பு பார்ப்பவருக்குத் தெரிந்துவிடும்.

மைக்கை நம்பாத மேடையில் பழகியவருக்கு இந்த நோய் ஒட்டவில்லை. சன் டிவி ‘தென்றல்’, விஜய் டிவி ‘சரவணன் மீனாட்சி’ இரண்டிலும் எண்பதைத் தாண்டிய வயதில் அவர் நடித்தார். எதிராளி பேசும்போதே அவருடைய பதில் தொண்டைக்கு வந்துவிடும். உதடு திறப்பதுதான் பாக்கி. குரல் கொஞ்சம் கரகரப்பு, வாக்கியத்தின் கடைசிச் சொல்லை விழுங்காத பழக்கம். நாடக மேடையின் கடைசி வரிசைக்குப் போய்ச் சேரவேண்டிய சொல் அது. அவர் வந்து உட்கார்ந்துவிட்டால் நேற்றுப் போட்ட செட் வீட்டுக்கும் மூன்று தலைமுறை வந்துவிடும். இளம் கதாநாயகி அழுதால், அந்த அழுகைக்கு ஒரு மடி இருக்கும். சீரியல் எழுதுகிறவர்கள் பாட்டிக்குப் பெரும்பாலும் புலம்பலும் பழமொழியும்தான் கொடுப்பார்கள். அதை வைத்துக்கொண்டே இவ்வளவும் செய்தார் என்பது என் கட்சி.

2012 பிப்ரவரி 20இல் இறந்தார். அதுவரை வேலையில்தான் இருந்தார்.

பின்னொரு நாள் திண்டிவனத்தில் பெரியம்மா வீட்டில் டிவி தன்பாட்டுக்கு ஓடிக்கொண்டிருந்தது. கறுப்பு வெள்ளையில் ‘சர்வர் சுந்தரம்’. பெரியம்மா உள்ளே அடுப்படியில் இருந்தாள், திரை அங்கிருந்து தெரியாது. சுந்தரத்தின் அம்மா ஏதோ சொன்னாள். குழம்பைக் கிண்டிக்கொண்டே பெரியம்மா கேட்டாள்:

“இது நம்ம ‘தென்றல்’ கெழவி இல்ல?”